மெழுகுப்பூவும் ஒரு பால்குடமும்

தை 15, ஞாயிறு

பால் அரை லிட்டர். தயிர் வாங்கவில்லை. மகன் பூபதி தவறி வருசம் கழியாததால் வாசலில் கோலம் இல்லை.

காலை பத்தரைக்கு பெங்களூரிலிருந்து அந்தப் பெண் வந்தாள். ஜெனிட்டா என்று பெயர், நாகர்கோவில் பக்கம். பூபதியோடு ஒரே ஆபீசில் வேலை பார்த்தவள். அவன் குடியிருந்த வீட்டைக் காலி செய்துவிட்டு, அவன் சாமான்களைக் கொண்டுவந்தாள். அந்த வீட்டுச் சாவி அவளிடம் எப்படி இருந்தது என்று அவரும் கேட்கவில்லை, நானும் கேட்கவில்லை.

வந்தவை: பெட்டி இரண்டு. சட்டை பதினான்கு, எல்லாம் இஸ்திரி போட்டு மடித்தது. கால்சட்டை ஒன்பது. மூக்குக்கண்ணாடி ஒன்று. நான் கொடுத்தனுப்பிய சென்னிமலை முருகன் படம். கம்பெனி டைரி ஒன்று. வருசா வருசம் பூபதி எனக்கு அனுப்புவது இது. இந்த வருசம் அவள் கேட்டு வாங்கி வந்தாளாம். அதில்தான் எழுதுகிறேன்.

நீலச் சட்டையின் மூன்றாவது பொத்தான் கறுப்பு நூலில் தைத்திருந்தது. பூபதிக்கு ஊசியில் நூல் கோர்க்கவே வராது.

கடைசியாக ஒரு தொங்கு தொட்டியை இறக்கினாள். நாலு முழம் நீளத்துக்குக் கொடிகள். தடித்த இலைகள், வெயிலில் வைத்த மெழுகு மாதிரி ஒரு பளபளப்பு.

"ஆன்ட்டி, இத நேர் வெயில்ல வைக்காதீங்க. வீட்டுக்குள்ள ஜன்னல் பக்கம் தொங்கவிட்டாப் போதும். ஹோயான்னு பேரு. மெழுகுப்பூன்னும் சொல்லுவாங்க."

"பூக்குங்களா?"

"நாலு வருஷமா பூக்கல்ல. இந்த வருஷம் பூக்கும், இந்த வருஷம் பூக்கும்னு பூபதி சொல்லிக்கிட்டே இருப்பான்."

'இருப்பான்' என்றாள்.

காபி கொடுத்தேன். சாப்பிட்டுப் போ என்று சொல்லவில்லை. பன்னிரண்டு மணிக்கு பஸ் ஏறப் போனாள். சாப்பாட்டு நேரம்தான். குறித்து வைக்கிறேன்.

தை 16, திங்கள்

செடிக்கு ஒரு சொம்பு தண்ணீர், துளசிக்கு ஊற்றிய கையோடு.

கணக்கு நோட்டை எடுத்தபோது கடைசித் தாள் தானாகத் திறந்தது. அது வேண்டுதல் பக்கம். இடது பக்கம் சாமியிடம் கேட்டது, வலது பக்கம் செலுத்திய தேதி. கல்யாணமாகி வந்த நாள் முதல் எழுதுகிறேன். அஞ்சாவதோடு பள்ளிக்கூடம் நின்றவள் நான். பிறகு பூபதியின் பாடப் புத்தகங்களை அவனோடு உட்கார்ந்து படித்துத்தான் எழுத்து கூடியது. அதனால் பழைய வரிகள் கோணலாக இருக்கும். கணக்கு மட்டும் கோணவில்லை. மொத்தம் நாற்பத்தொன்று. அவனுக்கு அம்மை இறங்கியதற்குக் கூழ், பத்தாம் வகுப்புக்கு மொட்டை, வேலை கிடைத்ததற்குக் காவடி. நாற்பது செலுத்தியாயிற்று.

ஒன்று பாக்கி. சென்னிமலை முருகனுக்குப் பால்குடம்.

வீட்டில் சாவு விழுந்தால் ஒரு வருசத்துக்கு மலைக்கோயில் ஏறக்கூடாது. அதனால் ஆடிவரை தவணை உண்டு.

தை 22, ஞாயிறு

தைப்பூசம். தெருவே சென்னிமலைக்குப் போயிருக்கிறது. நான் வீட்டில் இருந்தேன். தண்ணீர் ஒரு சொம்பு.

மாசி 4, வியாழன்

மூன்று இலை மஞ்சளாகிவிட்டது. எண்ணிப் பார்த்தேன், பாக்கி ஐம்பத்தெட்டு.

மாசி 6, சனி

இன்னும் ஐந்து போயிற்று. தண்டின் அடி கொழகொழவென்று இருக்கிறது. தண்ணீர் பற்றவில்லையோ என்று இரண்டு சொம்பு ஊற்றினேன்.

பக்கத்து வீட்டு வசந்தாமணி பார்த்துவிட்டு, "ஏனுங்கக்கா, இது மரத்து மேல ஒட்டிட்டு இருக்கற புல்லுருவி சாதியாட்டம் இருக்குதுங்க. வூட்டுக்குள்ள வெக்கலாமுங்களா?" என்றாள்.

"வெச்சாச்சு, விடு" என்றேன்.

புல்லுருவி என்ற அந்தச் சொல்லை நான் ஒருமுறை போனில் பூபதியிடம் சொல்லியிருக்கிறேன். செடியைப் பற்றி அல்ல.

மாசி 7, ஞாயிறு

அவரிடம் நம்பர் கேட்டு வாங்கிப் போட்டேன். இரண்டாவது மணியிலேயே எடுத்துவிட்டாள்.

"நாந்தானுங்க, பூபதி அம்மா. அந்தச் செடி அழுகுதுங்க."

"எவ்வளவு தண்ணி ஊத்துகிய ஆன்ட்டி?"

"தெனமும் ஒரு சொம்புங்க."

அழாமல் சிரிக்காமல் ஒரு குரலில் சொன்னாள். இது மண்ணில் முளைக்கிற செடி இல்லையாம். காட்டில் பெரிய மரத்தின் மேல் தொற்றிக்கொண்டு வாழுமாம். மழை பெய்தால் குடிக்கும், மற்ற நாள் காற்றிலிருக்கும் ஈரத்தை வைத்துச் சமாளிக்கும். வேர் எப்போதும் நனைந்திருந்தால் மூச்சு முட்டிச் செத்துவிடுமாம்.

"அப்ப புல்லுருவிங்களா?"

"இல்ல ஆன்ட்டி. புல்லுருவி மரத்தோட சாற உறிஞ்சும். இது மரத்தக் கெட்டிப் பிடிச்சுக்கிடும், அவ்ளோதான். மரத்துக்கிட்ட இருந்து ஒண்ணும் எடுக்காது."

நான் போனை மற்றக் காதுக்கு மாற்றினேன்.

"இலைய லேசா மடிச்சுப் பாருங்க. விறைப்பா நின்னா தண்ணி வேண்டாம். வளைஞ்சு குடுத்தா அரை டம்ளர். பூபதி எப்பவும் தண்ணி ஊத்த மறந்துருவான். அதனாலதான் நல்லா இருந்துச்சு."

போன்: ஏழு நிமிடம்.

மாசி 9, செவ்வாய்

அவள் சொன்னபடி தொட்டியைக் கவிழ்த்து, அழுகிய வேரை வெட்டி, தேங்காய் மட்டைத் துண்டும் அடுப்புக்கரியும் போட்டு வைத்தேன். அவர் மட்டையை நறுக்கிக் கொடுத்தார். பென்ஷன் ஆபீசுக்குப் போக வேண்டியவர், போகவில்லை. இலை நாற்பத்திரண்டு. வருசத் திவசத்துக்குள் இது காய்ந்துவிடக்கூடாது முருகா. புதிதாக வேண்டிக்கொள்ளவில்லை, சும்மா சொல்லிவைக்கிறேன். பழைய பாக்கியை வைத்துக்கொண்டு புதிதாகக் கேட்கமுடியாது.

பங்குனி 12, ஞாயிறு

இலை நாற்பத்திரண்டு. குறையவில்லை.

ஞாயிறு என்றால் போன வருசத்து டைரியில் 'பூபதி போன்' என்று ஒரு வரி இருக்கும். பன்னிரண்டு நிமிடம், எட்டு நிமிடம், இருபது நிமிடம் (அன்று இட்லிக்கு மாவரைக்க அளவு கேட்டான். இரண்டு பேருக்கு எவ்வளவு என்று கேட்டான்). மாசி மாதம் ஒரு ஞாயிறு மூன்று நிமிடம். அன்றுதான் அந்தச் சொல்லைச் சொன்னேன். அதன் பிறகு பதினேழு ஞாயிறு வெறும் கோடு. ஆடியில் ஒன்று: இரண்டு நிமிடம். "சாப்ட்டயாம்மா?" என்று கேட்டான். "ஆச்சு" என்றேன். "நீ?" என்று கேட்பதற்குள் அவரைக் கூப்பிடச் சொல்லிவிட்டான். இல்லை, நான்தான் அவரிடம் கொடுத்துவிட்டேன். கணக்கில் பொய் எழுதக்கூடாது.

அதற்கடுத்த வியாழன் லாரி மோதிவிட்டது.

பங்குனி 22, புதன்

பங்குனி உத்திரம். ஒன்றும் எழுதவில்லை.

சித்திரை 21, வியாழன்

அக்கினி நட்சத்திரம் இன்று தொடக்கம். ஈரோட்டு வெயில் சுவரையும் வறுக்கிறது. கூடத்து ஜன்னலில் அனல் அடித்து இலையெல்லாம் சுருங்கிவிட்டன. சமையலறைக்கு மாற்றினேன், அடுப்புச் சூடு. சாமி அறையில் வெளிச்சம் இல்லை.

ஜெனிட்டாவைக் கேட்டேன். "வடக்குப் பாத்த ஜன்னல் இருக்கா ஆன்ட்டி?" என்றாள்.

இருக்கிறது. வேப்பமரத்து நிழல் விழுகிற ஜன்னல், வீட்டிலேயே குளிர்ச்சியான அறை. பூபதியின் அறை. போன ஆடியில் பூட்டியது. சாவி அவருடைய அரைஞாண் கயிற்றில் இருக்கிறது. குளிக்கும்போதும் கழற்றமாட்டார்.

மத்தியானம் அவர் முன்னால் தொட்டியைக் கொண்டுபோய் வைத்தேன்.

"ஏனுங்க, இது இங்க இருந்தா ரண்டு நாள்ல செத்துப் போயிரும்."

அவர் இலையைத் தொட்டுப் பார்த்தார். "எங்க வெக்கோணுங்கற?"

சொன்னேன். அவர் எழுந்து வெளியே போய்விட்டார். காளியாத்தாள் கோயில்வரை போனாராம். ஒரு மணி நேரம் கழித்து வந்து, ஒன்றும் பேசாமல் பூட்டைத் திறந்து, ஜன்னலைத் திறந்து, கொக்கியைத் தானே அடித்தார். ஆணி இரண்டு முறை வளைந்தது.

"ஒரு சத்தம் போட்டுக்கிட்டே இருப்பானே இந்த ரூம்புல" என்றார். அவ்வளவுதான்.

துடைத்தோம். ஒரு முறம் தூசி.

சித்திரை 22, வெள்ளி

வேண்டுதல் பக்கத்தில் இருப்பதை இருக்கிறபடி இங்கே எழுதுகிறேன். எழுதினால் கனம் குறையுமா என்று பார்க்கிறேன்.

"போன வருசம் பங்குனி உத்திரம். சென்னிமலை. பூபதியை அந்தப் பெண்ணிடமிருந்து பிரித்துவிட்டால் பால்குடம்."

என் கையெழுத்து. கோணல் இல்லை.

அவருக்குத் தெரியாது. மகன் விரும்பிய பெண்ணை அவர்தான் வேண்டாம் என்றார் என்று ஊர் நினைக்கிறது. அவர் சரி என்றுகூடச் சொல்லியிருப்பார். நான்தான் மலை ஏறினேன்.

நாலு மாதத்தில் முருகன் பிரித்துவிட்டான். எப்படிப் பிரிக்கவேண்டும் என்று நான் சொல்லவில்லையே. முருகன் கணக்கு வைக்காதவன் இல்லை. வருசம் கழிந்ததும் நான் பாலைத் தலையில் வைத்து ஏறவேண்டும். ஏறினால், பிள்ளையை எடுத்துக்கொண்டதற்கு நன்றி சொன்னதாக ஆகும். ஏறாவிட்டால் சாமி கடன். வீட்டில் மிச்சம் இருப்பது அவர் ஒருவர்.

வைகாசி 14, ஞாயிறு

புது இலை இரண்டு. செம்பு நிறம். கொடி ஒன்று இலையில்லாமல் வெறும் நாராக ஒரு முழம் நீண்டு நிற்கிறது. காய்ந்தது என்று அவர் கத்தரியோடு வந்தார். "அது தேடிக்கிட்டு இருக்கு, வெட்டிராதீங்க" என்று ஜெனிட்டா போனில் கத்தினாள். அவர் பயந்து கத்தரியைப் பின்னால் மறைத்துக்கொண்டார். அவளுக்குத் தெரியவா போகிறது!

போன்: பதினைந்து நிமிடம். அதில் பத்து அவர் பேசியது.

ஆனி 10, ஞாயிறு

கொடியின் கணுவில் சின்னதாக ஒரு காம்பு. நுனியில் கடுகு கடுகாக மொட்டுகள். பத்தொன்பது எண்ணினேன்.

ஜெனிட்டாவிடம் சொன்னேன். "தொட்டியத் திருப்பிராதீங்க ஆன்ட்டி. இப்போ அசைச்சா மொட்டு உதுந்துரும்" என்றாள். பிறகு, "பெறவு பேசுறேன்" என்று வைத்துவிட்டாள்.

போன்: ஒரு நிமிடம்.

ஆனி 18, திங்கள்

அவர் குளியலறையில் தலைசுற்றி விழுந்துவிட்டார். நெற்றியில் மூன்று தையல். ரத்தக்கொதிப்பு என்றார் டாக்டர். எனக்குத் தெரியும் எதனால் என்று. தவணை நெருங்குகிறது, முருகன் ஞாபகப்படுத்துகிறான்.

செடிக்கு அரை டம்ளர்.

ஆடி 11, வியாழன்

பூத்துவிட்டது. சாயங்காலம் விளக்கு வைக்கப் போனபோது மணம் கூடம்வரை வந்தது. மாக்கல்லில் செதுக்கியது போலச் சின்னச் சின்ன நட்சத்திரம், நடுவில் சிவப்பாக இன்னொரு நட்சத்திரம், அதன் மேல் ஒரு சொட்டுத் தேன். பத்தொன்பதும் ஒரே கொத்தில், குடை கவிழ்த்த மாதிரி.

நாலு வருசமாக அவன் பார்க்க ஆசைப்பட்டது.

நாளைக்கு அவன் திவசம்.

ஆடி 12, வெள்ளி

எல்லாவற்றையும் வரிசையாக எழுதவேண்டும்.

விடிந்ததும் குளித்துவிட்டு அந்தக் கொத்தைப் பறித்தேன். வீட்டில் பூக்கிற முதல் பூ சாமிக்கு. பிறந்ததிலிருந்து இந்தக் கைக்குப் பழக்கம் அதுதான். காம்போடு ஒடித்தால்தான் படத்தில் நிற்கும் என்று கணுவோடு ஒடித்தேன். பெங்களூரிலிருந்து திரும்பி வந்த முருகன் படத்துக்கு வைத்து, "இதை எடுத்துக்கோ. பால்குடத்துக்குப் பதிலா இதை எடுத்துக்கிட்டு என்னை விட்டுடு" என்று சொன்னேன். கல்யாணமாகி முப்பத்துமூன்று வருசத்தில் சாமியிடம் பேரம் பேசியது இதுதான் முதல் தடவை.

ஒன்பது மணிக்கு வாசலில் ஜெனிட்டா. நான் அவரைப் பார்த்தேன்.

"நாந்தான் வரச் சொன்னேன்" என்றார். "போன வருசம் எழவன்னைக்கு அந்தப் புள்ள தெருக்கொழாய்கிட்ட நின்னுட்டுப் போச்சு. உள்ள வான்னு ஒருத்தரும் சொல்லுல."

அவள் நேரே செடியிடம் போனாள். கொடியை ஒவ்வொன்றாகத் தூக்கிப் பார்த்தாள்.

"ஆன்ட்டி, பூ எங்க?"

படத்தைக் காட்டினேன். அவள் முகம் போன போக்கு.

"காம்போடயா பறிச்சிய?"

"ஏங் கண்ணு?"

"ஒரு தடவ காம்பு விட்டா வருஷா வருஷம் அதே காம்புலதான் பூக்கும். பூ அதுவா உதுந்துரும், காம்பு நிக்கும். பறிக்கக்கூடாதுன்னு சொல்லணும்னு எனக்குத் தோணவே இல்லியே..."

ஒடித்த இடத்தில் விரலை வைத்தாள். பால் வடிந்து உறைந்திருந்தது. சொட்டுச் சொட்டாகத் தரையில் விழுந்திருந்ததை நான் அப்போதுதான் பார்த்தேன்.

"பரவால்ல ஆன்ட்டி. சாமிக்குத்தான வச்சிய" என்றாள். அதுதான் என்னால் தாங்கமுடியாமல் போயிற்று.

கதவைச் சாத்திவிட்டுச் சொன்னேன். நோட்டைக் கொண்டுவந்து அந்த வரியைக் காட்டினேன். அவள் பூபதியின் கட்டிலில் உட்கார்ந்து படித்தாள். இரண்டு முறை படித்திருப்பாள்.

"என்னைய அவன்கிட்ட இருந்து துரத்தணும்னா வேண்டுனிய?"

"ஆமாங் கண்ணு."

"இத ஏன் எங்கிட்ட சொல்லுகிய? மன்னிச்சேன்னு சொல்லணுமா? என்னால முடியாது." எழுந்து ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டாள்.

"மன்னிக்க வேண்டாம். எடுக்கோணுமா வேண்டாமா, அத மட்டும் சொல்லு. வருசம் கழிஞ்சு போச்சு. வர்ற கிருத்திகைக்கு எடுக்கோணும். எடுத்தா எம் பையனுக்குத் துரோகம், எடுக்காட்டி சாமி கடன். எனக்கு வேற ஆருகிட்டக் கேக்கறதுன்னு தெரியல."

அவள் திரும்பவில்லை. கூடத்தில் அவர் இலை நறுக்கும் சத்தம் கேட்டது. தெருவில் தயிர்க்காரன் போனான். நான் உட்காரவில்லை.

பிறகு கேட்டாள்: "அந்தப் பங்குனி உத்திரத்துக்கு திருநீறு அனுப்புனியல்லா? மஞ்சத் துணில முடிஞ்சு?"

அனுப்பினேன். மலையில் வேண்டிய கையோடு, கடிதம் இல்லாமல், திருநீறு மட்டும் கூரியரில் அனுப்பினேன். அவன் மனம் மாறட்டும் என்று.

"அன்னைக்கு சாயங்காலம் அவன் எனக்கும் பூசிவிட்டான். அம்மாவுக்குக் கோவம் போயிருச்சு, இல்லேன்னா திருநீறு அனுப்புவாளான்னு சிரிச்சான். சர்ச்சுக்குப் போற பொண்ணு நெத்தில இதான்னு நான் கிண்டல் பண்ணேன். ஆனா அழிக்கல்ல. அப்படியே படுத்துட்டேன்."

நான் சுவரைப் பிடித்துக்கொண்டேன்.

அவள் நோட்டை மூடி என் கையில் கொடுத்தாள். "நாங்க பிரியவே இல்ல, அத்தை. ஒருநாள்கூட இல்ல. அன்னைக்குக் காலைலயும் செடிக்குத் தண்ணி ஊத்தாம ஓடுனான். நான் கத்துனேன். சாயங்காலம் வந்து ஊத்துறேன்னு சொல்லிட்டுப் போனான். செத்துப்போறதும் பிரியறதும் ஒண்ணு இல்ல. நீங்க கேட்டது நடக்கல்ல. நடக்காத வேண்டுதலுக்கு யாராவது பால்குடம் எடுப்பாங்களா?"

நோட்டை முந்தானையில் சுற்றிக்கொண்டு கதவைத் திறந்தேன்.

படையல் போட்டோம். கும்பிடும்போது அவளும் வந்து அவர் பக்கத்தில் நின்றாள். பிறகு சாப்பிட்டாள். இரண்டாம் முறை சோறு கேட்டு வாங்கிக்கொண்டாள். கத்தரிக்காயில் உப்பு குறைச்சல் என்று அவரிடம் சொன்னாளாம். என்னிடம் சொல்லவில்லை.

ஆடி 21, ஞாயிறு

ஜெனிட்டா போன்: பதினொரு நிமிடம்.

வேறு கணுவில் காம்பு விட்டால்தான் இனிப் பூவாம். இரண்டு வருசம்கூட ஆகலாமாம்.

ஆடி 24, புதன்

ஆடிக் கிருத்திகை. விடியலிலிருந்து தெருவில் அரோகரா சத்தம். வசந்தாமணி பால்குடம் தூக்கிக்கொண்டு வந்து, "நீங்க வரலீங்களாக்கா? வருசந்தான் கழிஞ்சு போச்சுங்களே" என்றாள்.

"எனக்குப் பாக்கி ஒண்ணும் இல்ல" என்றேன். குரல் சரியாகத்தான் வந்தது.

வீட்டிலேயே விளக்கேற்றினேன். படத்திலிருந்த கொத்து உலர்ந்து பழுப்பாகிவிட்டது. எடுத்து, செடித் தொட்டியிலேயே வைத்தேன். இலையை மடித்துப் பார்த்தேன். வளைந்தது. அரை டம்ளர்.

பிறகு நோட்டை எடுத்து, வேண்டுதல் பக்கத்தில், நாற்பத்தொன்றுக்கு நேரே, வலது பக்கம் எழுதினேன்: "பலிக்கவில்லை. பாக்கி இல்லை."

அவள் சொன்னது சரிதானா என்று முருகனுக்குத்தான் தெரியும். இத்தனை வருசத்தில் கூட்டிச் சரிபார்க்காமல் நான் எழுதிய வரி இது ஒன்றுதான்.